மழைக்குள் ஒரு கிசுகிசு

லாபிஸில் மழை வந்தால் வீட்டுக்குள் பேச்சு நின்றுபோகும். தகரக் கூரைக்குக் கீழே அந்த நேரத்தில் வாயைத் திறப்பது வீண் வேலை என்று எல்லாருக்கும் பழகிவிட்டது. மலேசியாவின் ஜொகூரில், சிகாமட்டுக்கும் குளுவாங்குக்கும் இடையில், ரயில் பாதையை ஒட்டிக் கிடக்கிற ஊர். சுற்றிலும் செம்பனை. மாலை நாலு மணிக்கு வானம் கறுத்தால் நாலரைக்குக் கூரை பேச ஆரம்பித்துவிடும். நாங்கள் சும்மா இருப்போம்.

அப்படி ஒரு மழைக்கு மறுநாள், வெயில் நன்றாக அடித்துக்கொண்டிருந்த மாலையில், பாட்டி தொலைக்காட்சியில் பழைய படம் ஒன்று பார்த்துக்கொண்டிருந்தார். திரையில் கொட்டோ கொட்டென்று மழை. நாயகி தூணைப் பிடித்துக்கொண்டு ஏதோ முணுமுணுக்கிறாள். பாட்டி என் பக்கம் திரும்பினார்.

“ஏன்டா ஐயா, நேத்து மழையில நீ சமையக்கட்டுல நின்னு கத்துனது எனக்குக் கேக்கல. இவ இம்புட்டு மழையில குசுகுசுங்கிறா, ஒரு சொல்லு விடாம கேக்குதே. அது எப்படி?”

வழக்கமான பதிலைச் சொன்னேன். அந்த மழையும் அந்தப் பேச்சும் ஒரே நேரத்தில் பிடித்தவை இல்லை. படப்பிடிப்பில் தண்ணீர் லாரியைக் கொண்டுவந்து குழாய் வைத்துப் பீய்ச்சியிருப்பார்கள். பம்ப் போடும் சத்தத்தில் நாயகி பேசியது எதுவும் தேறியிருக்காது. பிறகொரு நாள், குளிரூட்டிய டப்பிங் அறையில், காய்ந்த சேலையோடு நின்று, உதட்டசைவைப் பார்த்துப் பார்த்துப் பேசியிருப்பார். பல நேரம் பேசுகிறவரே வேறொருவராக இருப்பார். மழை இன்னோர் இடத்தில் பதிவானது. காலடி, வளையல், சேலை உரசல் எல்லாம் மூன்றாவதாக ஓர் அறையில் ஒருவர் படத்தைப் பார்த்துக்கொண்டே செய்தவை. அந்த வேலைக்கு ஃபோலி என்று பெயர். 1929-ல் வந்த ‘ஷோ போட்’ படத்துக்காக யுனிவர்சல் ஸ்டுடியோவில் இப்படிச் சத்தம் செய்யத் தொடங்கிய ஜாக் ஃபோலியின் பெயர்தான் அது.

பாட்டி விடவில்லை. “எல்லாத்தையும் தனித்தனியாவே பிடிக்கட்டும். கடைசியில ஒண்ணாத்தானே ஊத்துறான்? பாலும் தேத்தண்ணியும் தனித்தனியா இருந்தாலும், கலக்குனப்புறம் பிரிச்சுக் குடிக்க முடியுமா?”

அங்கே மாட்டிக்கொண்டேன். கலந்த தேநீரைப் பிரிக்க முடியாது என்பது சரி. கலந்த ஒலியைக் காது பிரிக்கிறது, ஆனால் எப்போதும் இல்லை. எப்போது பிரிக்கும், எப்போது கைவிடும் என்பதைத் தெரிந்துவைத்துக்கொண்டு பிழைக்கிறவர்கள் இரண்டு பேர். ஒருவர் படத்தின் இசையமைப்பாளர், மற்றவர் ஒலி வடிவமைப்பாளர். முன்னவரின் பெயர் சுவரொட்டியில் கொட்டை எழுத்தில் வரும். பின்னவரின் பெயர் வரும்போது நாம் பாப்கார்னை எங்கே வைப்பது என்று பார்த்துக்கொண்டிருப்போம்.

ஒரு சத்தம் இன்னொன்றைக் கேட்கவிடாமல் செய்வதை ஒலிமறைப்பு என்று சொல்லலாம். ஓங்கிய சத்தம் மெல்லியதை விழுங்கும் என்பது எல்லாருக்கும் தெரிந்ததுதானே என்று தோன்றும். ஆனால் அது பாதி உண்மைதான் என்று காட்டியவர்கள் தொலைபேசிக்காரர்கள். 1920-களிலிருந்து அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் ஹார்வி ஃப்ளெட்சர் என்ற இயற்பியலாளர் மனிதக் காதை ஒரு கருவியைச் சோதிப்பதுபோலச் சோதித்துவந்தார். கம்பி வழியாகப் பேச்சை அனுப்ப வேண்டும். அனுப்புகிற ஒவ்வொரு கூடுதல் அதிர்வுக்கும் நிறுவனத்துக்குச் செலவு. காதுக்கு உண்மையில் எவ்வளவு தேவை என்று தெரிந்தால் காசு மிச்சம்.

அவருடைய சோதனை ஒன்றைப் பாட்டியின் கூரைக்கே மாற்றிச் சொல்கிறேன். ஒரு விசில் சத்தம், நொடிக்கு ஆயிரம் அதிர்வு, அதாவது 1,000 ஹெர்ட்ஸ். அதைச் சுற்றி இரைச்சலைப் பரப்புகிறீர்கள். முதலில் மெல்லிய கீற்றாக, 990-க்கும் 1,010-க்கும் இடைப்பட்ட இரைச்சல் மட்டும். விசில் கேட்க வேண்டுமானால் அதைக் கொஞ்சம் ஓங்கி ஊத வேண்டும். இரைச்சலை அகலப்படுத்துங்கள். விசிலை இன்னும் ஓங்கி ஊத வேண்டியிருக்கும். இன்னும் அகலம், இன்னும் ஓங்கல். ஒரு கட்டத்தில் வேடிக்கை நடக்கிறது. அதற்கு மேல் எவ்வளவு அகலப்படுத்தினாலும் விசிலுக்குப் புதிய தொல்லை எதுவும் இல்லை. மொத்த இரைச்சல் ஏறிக்கொண்டே போகிறது, விசில் கவலையே படவில்லை. 1940-ல் ஃப்ளெட்சர் இதை வெளியிட்டார். விசிலுக்கு எதிரி, தன் அண்டையில் இருக்கும் இரைச்சல் மட்டுமே. அந்த அண்டைக்கு நெருக்கப் பட்டை என்று ஒரு தமிழ்ப்பெயர் வைத்துக்கொள்வோம். இன்றைய அளவீடுகளின்படி ஆயிரம் ஹெர்ட்ஸ் அருகே அதன் அகலம் ஏறக்குறைய 130 முதல் 160 ஹெர்ட்ஸ். ஜெர்மானியரான எபர்ஹார்ட் ஸ்விக்கர் 1961-ல் நாம் கேட்கும் எல்லை முழுவதையும் 24 பட்டைகளாகப் பிரித்துக் காட்டினார்.

இருபத்து நாலு என்றதும் எனக்குத் தோட்டத்து லயம் ஞாபகத்துக்கு வருகிறது. ஒரே வரிசையில், ஒரே கூரையின் கீழ், சுவருக்குச் சுவர் ஒட்டிய வீடுகள். உள்காதில் நத்தை ஓடு மாதிரிச் சுருண்ட ஓர் உறுப்பு இருக்கிறது. மருத்துவர்கள் காக்ளியா என்பார்கள், நத்தைச்சுருள் என்று சொன்னால் கண்ணில் தெரியும். அதை நீட்டி வைத்தால் உள்ளே 35 மில்லிமீட்டர் நீளத்துக்கு ஒரு சவ்வு ஓடும். அதுதான் லயம். வாசல் பக்கத்து வீடு கீச்சுக் குரல்களுக்கு, கடைக்கோடி வீடு கனத்த குரல்களுக்கு. எந்த ஒலி வந்தாலும் அதன் அதிர்வெண்ணைப் பார்த்து அந்தந்த வீட்டுக் கதவு தட்டப்படும். சுவரொட்டிய அண்டை வீட்டில் சண்டை நடந்தால் உங்கள் வீட்டில் ரேடியோ கேட்காது. பத்து வீடு தள்ளி நடந்தால் பாதகமில்லை. நெருக்கப் பட்டை இதுதான்.

செத்த மனிதரின் காதைப் பார்த்து இந்த வீட்டு வரிசையைக் கண்டுபிடித்தார்கள் என்றால் பாட்டி முகத்தைச் சுளிப்பார். ஹங்கேரியின் தபால் துறைத் தொலைபேசி ஆய்வகத்தில் வேலை பார்த்த கேயோர்க் ஃபான் பெக்கெஷி, பிணங்களிலிருந்து எடுத்த உள்காதைத் தண்ணீருக்கடியில் வைத்து அறுத்துத் திறந்தார். கண்ணாடி போன்ற சவ்வின் மேல் வெள்ளித் துகளைத் தூவினார். ஒலியைச் செலுத்தி, விட்டுவிட்டு மின்னும் விளக்கொளியில் உருப்பெருக்கி வழியே பார்த்தார். சவ்வின் மேல் அலை நடந்து போவது தெரிந்தது. அதிர்வெண்ணுக்குத் தக்க இடத்தில் அது ஓங்கி எழுந்து, பிறகு படுத்துவிடுகிறது. 1961-ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. செத்த காதில் இதைக் காண அவர் பயங்கரச் சத்தம் செலுத்த வேண்டியிருந்தது. உயிருள்ள காது அதைவிடப் பன்மடங்கு கூர்மையானது. உயிர்க்காதில் சில மயிர்ச்செல்கள் தாமே துள்ளி அலையைப் பெருக்கிவிடுகின்றன என்பது பின்னால் தெரிந்தது. 1978-ல் லண்டனில் டேவிட் கெம்ப், காதிலிருந்தே மெல்லிய ஒலி வெளியே வருவதைப் பதிவுசெய்தார். இன்று மருத்துவமனையில் பிறந்த குழந்தையின் காதில் சின்னக் குமிழ் ஒன்றைச் செருகிச் சோதிக்கும்போது அந்த எதிரொலியைத்தான் தேடுகிறார்கள்.

லயத்தில் இன்னொரு சங்கதி உண்டு. கடைசி வீட்டுக்கு வரும் லாரி எல்லா வீட்டு வாசலையும் உலுக்கிக்கொண்டுதான் போகும். முதல் வீட்டுக்கு வரும் சைக்கிள் கடைசி வீட்டை எழுப்பாது. அதனால் கனத்த ஒலிகள் கீச்சொலிகளைச் சுலபமாக மறைக்கின்றன. கீச்சொலிகளால் கனத்தவற்றை அவ்வளவாக மறைக்க முடிவதில்லை. வெகல், லேன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் 1924-லேயே அளந்து காட்டியது இது. படத்தில் அடிநாதம் முழங்கும்போது வசனம் காணாமல் போவதற்குப் பாதிக் காரணம் இந்த லாரிதான்.

இப்போது மழைக்கு வருவோம். தகரத்தில் விழும் ஒவ்வொரு துளியும் சின்ன வெடி. லட்சக்கணக்கில் சேரும்போது எல்லா அதிர்வெண்ணும் கலந்த இரைச்சல் கிடைக்கிறது. எல்லா நிறமும் கலந்தால் வெள்ளை ஒளி என்பதுபோல இதற்கு வெண்ணிரைச்சல் என்று பெயர். லயத்தில் எல்லா வீட்டிலும் ஒரே நேரத்தில் சண்டை. மனிதக் குரலில் உயிரெழுத்துகள் வலுவானவை, பெரும்பாலும் கீழ்ப்பகுதியில் ஒலிப்பவை. வல்லின மெய்களின் வெடிப்பும் ச, ஸ போன்றவற்றின் சீறலும் 2,000 ஹெர்ட்ஸுக்கு மேலே, மெலிந்த ஒலியாக இருப்பவை. கடை, படை, தடை, நடை நான்கிலும் உயிர் ஒன்றுதான். மாறுவது முதல் மெய், அது நீடிப்பது நொடியில் ஒரு துளி நேரம். நான் சமையலறையிலிருந்து கத்தியதில் உயிர் பாட்டிக்குப் போய்ச் சேர்ந்தது. மெய்யை மழை அடித்துக்கொண்டு போய்விட்டது. வயதாக ஆக வாசல் பக்கத்து வீடுகள்தான் முதலில் காலியாகும் என்பதால் பாட்டிக்கு இது இன்னும் மோசம். அவருக்குக் காது கேட்கிறது, சொல்தான் புரிவதில்லை. எங்கள் வீட்டில் பலரும் இந்த வித்தியாசம் தெரியாமல் அவரிடம் இன்னும் சத்தமாகக் கத்துகிறார்கள்.

ஒலி வடிவமைப்பாளருக்கு இவ்வளவும் தெரியும், சிலருக்குப் பாடமாக, பலருக்குக் கைப்பழக்கமாக. மழைக் காட்சியில் அவர் முதலில் மழையை ஓங்கவிடுகிறார். இரண்டு, மூன்று நொடி. ‘மழை’ என்று மூளை பதிந்துகொண்டதும் மெல்ல இறக்குகிறார். மாறாமல் ஒலிக்கும் சத்தத்தை மூளை கணக்கில் எடுப்பதில்லை என்பதால், இறக்கியதை யாரும் கவனிப்பதில்லை. பிறகு மழையின் உடம்பிலிருந்து ஒரு துண்டை வெட்டுகிறார். மெய்யெழுத்துகள் நடமாடும் அந்த 2,000 முதல் 4,000 வரையுள்ள வீடுகளில் மழையைக் குறைத்துவிட்டால், மழை மழையாகவே இருக்கும். பேச்சு மட்டும் வெளியே வரும். மூன்றாவது உபாயம் இடம் மாற்றுவது. திரையரங்கில் வசனம் திரைக்குப் பின்னால் நடுவில் இருக்கும் ஒலிபெருக்கியிலிருந்து வருகிறது. திரையில் கண்ணுக்குத் தெரியாத ஆயிரக்கணக்கான துளைகள் இருப்பது அதற்குத்தான். மழையோ பக்கச் சுவர்களுக்கும் முதுகுப்புறத்துக்கும் போய்விடுகிறது. வெவ்வேறு திசையிலிருந்து வரும் ஒலிகளை இரண்டு காதும் சேர்ந்து பிரித்துவிடும். கல்யாண வீட்டுச் சந்தடியில் எதிரில் இருப்பவர் பேச்சை நீங்கள் பிடித்துக்கொள்வது இப்படித்தான். 1953-ல் கோலின் செரி என்ற பிரிட்டிஷ் ஆய்வாளர் இந்தத் திறமைக்கு விருந்துக் கூட்டத்தின் பெயரையே வைத்தார்.

இதே படத்தை வீட்டுத் தொலைக்காட்சியில் பார்த்தால் நடு ஒலிபெருக்கி, பக்கம், முதுகுப்புறம் எல்லாம் சுருங்கி ஒல்லியான இரண்டு ஒலிபெருக்கிகளுக்குள் திணிக்கப்படுகின்றன. திசை போய்விட்டது. “பாட்டு காதைப் பொளக்குது, பேச்சு கேக்கல” என்று ரிமோட்டும் கையுமாக உட்கார்ந்திருப்பவர்கள் சொல்வது புலம்பல் இல்லை, சரியான அவதானிப்பு. பாட்டி பார்த்த பழைய படத்துக்கு அந்தத் தொல்லை கிடையாது. அது ஒற்றைத் தடத்தில் வந்த படம். திசையை நம்ப வழியில்லாததால் அந்தக் காலத்துக்காரர்கள் வெட்டுவதையும் இறக்குவதையும் கறாராகச் செய்திருந்தார்கள்.

இனி இசையமைப்பாளர். கோடம்பாக்கத்தில் ‘ஆர்.ஆர்.’ என்றால் பின்னணி இசை. ரீ-ரெக்கார்டிங் என்ற சொல்லுக்கு மூலப்பொருள் எல்லா ஒலித்தடத்தையும் சேர்த்து மறுபடி பதிவது. அது எப்படியோ அங்கே இசைக்கு மட்டும் ஒட்டிக்கொண்டுவிட்டது. சத்தத்தையெல்லாம் இசையின் கணக்கில் எழுதிவிடும் நம் பழக்கத்துக்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

இசையமைப்பாளருக்கும் குடியிருக்க அதே லயம்தான். வயலின்கள் பாடும் இடத்தில்தான் பேச்சும் நடக்கிறது. வசனத்துக்கு அடியில் வேகமான வயலின் ஓட்டம் எழுதினால் ஒலிப்பதிவாளர் அதைக் குறைத்தே ஆக வேண்டும், குறைத்தால் பாடுபட்டு எழுதியது வீண். கைதேர்ந்தவர் பேச்சுக்கு அடியில் நீண்ட, அசையாத சுரங்களை வைப்பார். வசனம் மூச்சு வாங்கும் இடைவெளியில் ஒரு பிடி பிடிப்பார். ‘பிஜிஎம் உறுத்தவே இல்லை’ என்று நாம் பாராட்டும்போது பெரும்பாலும் பாராட்டுவது இந்த வீடு ஒதுக்கீட்டை.

இந்த ஒதுக்கீட்டில் அவருக்குக் கை கொடுக்கும் ஒரு விந்தையைச் சொல்ல வேண்டும். பழைய தொலைபேசிக் கம்பி 300 ஹெர்ட்ஸுக்குக் கீழே எதையும் கடத்தாது. ஆண் குரலின் அடிச்சுரமோ 100, 120 ஹெர்ட்ஸ் அளவில்தான் இருக்கும். அப்படியென்றால் சிங்கப்பூரில் வேலைக்குப் போயிருந்த அப்பா அழைத்தபோது அவருடைய குரலின் அடிச்சுரம் எங்கள் காதுக்கு வரவே இல்லை. ஆனாலும் அது அப்பாவின் கனத்த குரலாகவே இருந்தது. அந்தக் குரல் எங்கிருந்து வந்தது?

எந்தக் குரலும் ஒற்றைச் சுரமாக வராது. 120 என்றால் கூடவே 240, 360, 480, 600 என்று கிளைச்சுரங்கள் வரும். செம்பனைக் கன்றுகளை முப்பதடிக்கு ஒன்றாக வரிசை பிடித்து நடுவார்கள். சாலையோரத்திலிருந்து முதல் இரண்டு மரத்தை வெட்டிவிட்டாலும், மீதி மரங்களின் இடைவெளியைப் பார்த்து வரிசை எங்கே தொடங்கியது என்று தோட்டக்காரர் சொல்லிவிடுவார். மூளையும் 360, 480, 600 என்ற இடைவெளியைப் பார்த்து, ‘இதன் வேர் 120’ என்று முடிவுகட்டி, இல்லாத சுரத்தைக் கேட்டுவிடுகிறது.

காதுக்குள்ளேயே ஏதாவது கோளாறில் அந்த 120 உண்மையாகவே உண்டாகிவிடுகிறதோ என்று நெடுநாள் சந்தேகம் இருந்தது. 1954-ல் லிக்லைடர் என்ற ஆய்வாளர் அதற்கு அழகான ஒரு பொறி வைத்தார். 120 இருக்க வேண்டிய வீட்டில் மட்டும் இரைச்சலைப் போட்டார். உண்மையான சுரமாக இருந்தால் மறைந்துபோக வேண்டும். மறையவில்லை. அது காதில் இல்லை, அதற்கும் மேலே எங்கேயோ கணக்குப் போட்டு எழுப்பப்படுகிறது என்று அதோடு தெளிவானது.

அந்தக் காலத்தில் தோட்டத்துத் திடலில் வெள்ளை வேட்டி கட்டிப் படம் காட்டுவார்கள் என்று பாட்டி சொல்வதுண்டு. மரத்தில் கட்டிய புனல் ஒலிபெருக்கியில் கனத்த ஒலி வெளியே வர வாய்ப்பே இல்லை. இருந்தும் சிவாஜியின் குரல் திடலை அதிரவைத்ததாகவே அவருக்கு ஞாபகம். அந்தக் கம்பீரத்தில் ஒரு பங்கைப் பாட்டியும் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர்களும் தங்கள் தலைக்குள் சேர்த்துக் கொடுத்திருக்கிறார்கள். இன்று கைப்பேசியின் பட்டாணி அளவு ஒலிபெருக்கியில் இளையராஜா பாட்டின் பேஸ் கிதார் கேட்பதும் இதே கொடைதான். படத்தின் ஒலிகளைக் கலக்குகிறவர் இதைத் துணிந்து பயன்படுத்துகிறார். பேச்சின் கனத்த அடிப்பகுதியைச் சீவிவிட்டு அந்த வீட்டை முரசுக்குக் கொடுத்துவிடுகிறார். நாயகனின் குரல் மெலிந்ததாக ஒருவரும் புகார் சொல்வதில்லை.

சீவுவதைப் பற்றிப் பேசும்போது, நம் பாட்டுகளின் கதையும் இதுதான். குறுந்தட்டில் நொடிக்கு 1,411 கிலோபிட் இருந்த பாட்டு, சாதாரண எம்பி3 கோப்பில் 128 ஆகிவிடுகிறது. பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் தூக்கி எறியப்பட்டது. எறிந்ததில் பெரும்பகுதி, அண்டை வீட்டு ஓங்கிய சுரத்தால் எப்படியும் மறைந்திருக்கக்கூடியது என்று கணக்குப் போட்டு எறிந்தது.

படத்துக்கு இசையும் ஒலியும் அமைக்கும் வேலைக்கு ஆட்கள் எங்கிருந்து வருகிறார்கள்? ஏ. ஆர். ரகுமானின் தந்தை ஆர். கே. சேகர் மலையாளப் படங்களுக்கு இசை நடத்தியவர். 1976-ல் அவர் இறந்தபோது ரகுமானுக்கு ஒன்பது வயது; வீட்டிலிருந்த வாத்தியங்களை வாடகைக்கு விட்டுக் குடும்பம் நடந்தது. பிறகு கீபோர்டு வாசிப்பு, விளம்பர இசை, 1989-ல் வீட்டோடு சேர்ந்த ஒரு ஒலிப்பதிவுக் கூடம், 1992-ல் ‘ரோஜா’. சந்தோஷ் நாராயணன் ‘அட்டகத்தி’க்கு முன்னால் ஒலிப்பதிவுப் பொறியாளராக இருந்தவர். ரசூல் பூக்குட்டி கேரளத்தில் மின்சாரமில்லாத ஊரில் வளர்ந்து புனே திரைப்படக் கல்லூரிக்குப் போனவர். 2009-ல் ‘ஸ்லம்டாக் மில்லியனர்’ படத்துக்காக ரகுமான் இரண்டு ஆஸ்கர் வாங்கிய அதே இரவில் ரசூலும் ஒலிக்கலவைக்கான ஆஸ்கரை இரண்டு பிரிட்டிஷ்காரர்களோடு பகிர்ந்துகொண்டார். ரகுமான் வாங்கியதை நம் வீடுகளில் சின்னக் குழந்தையும் சொல்லும்.

இசையமைப்பாளர், ஒலி வடிவமைப்பாளர் இரண்டு பேருக்கும் நடுவில் இருந்து பஞ்சாயத்துச் செய்கிறவர் ஒலிக்கலவைப் பொறியாளர். 2008-ல் காலமான எச். ஸ்ரீதர் அந்தத் தலைமுறையின் பெரிய ஆள். ‘மகாநதி’, ‘தில் சே’, ‘லகான்’ படங்களுக்குத் தேசிய விருது வாங்கியவர். இரு தரப்பும் ஒத்துப்போனதற்கு அண்மைச் சான்று வேண்டுமானால், 2022-ல் வந்த ‘பொன்னியின் செல்வன்’ முதல் பாகம். எழுபதாவது தேசிய விருதுகளில் பின்னணி இசைக்கு ரகுமானும் ஒலி வடிவமைப்புக்கு ஆனந்த் கிருஷ்ணமூர்த்தியும் விருது பெற்றார்கள். குதிரைக் குளம்பு, கடலலை, பறை, முரசு, படையின் கூச்சல், நடுவில் அரசியல் வசனம். பெரும்பாலும் லயத்தின் கடைக்கோடிக்கு வரும் லாரிகள். ஒரே படத்தில் இரண்டு விருதும் விழுந்தது தற்செயலாக இருக்கலாம். நான் அப்படி நினைக்கவில்லை.

நம் பக்கத்துக் கதையும் ஒன்று உண்டு. சிங்கப்பூர் ஜாலான் அம்பாஸ் ஸ்டுடியோவில் மலாய்ப் படங்களை இயக்கியவர்களில் பலர் இந்தியாவிலிருந்து வந்தவர்கள். 1948-ல் பி. எஸ். ராஜ்ஹன்ஸின் ‘சிந்தா’வில் பின்னணி பாடிய பி. ரம்லியை, 1950-ல் ‘பக்தி’ படத்தில் கதாநாயகனாக்கியவர் எல். கிருஷ்ணன் என்ற தமிழர். நடித்து, பாடி, இசையமைத்து, இயக்கிய ரம்லிக்குள் பிற்காலத்தில் இந்தப் பஞ்சாயத்து முழுவதும் ஒரே தலைக்குள் நடந்திருக்கும்.

எத்தனை ஒலிகளைக் காது ஒரே நேரத்தில் எண்ணும்? ‘அபோகலிப்ஸ் நவ்’ படத்துக்கு ஒலி அமைத்து 1980-ல் ஆஸ்கர் வாங்கிய வால்டர் மர்ச், இதை ஒரு காலடிச் சிக்கலில் கண்டார். ஒருவர் நடந்தால் காலடி ஒவ்வொன்றும் படத்தோடு பொருந்த வேண்டும். இருவர் என்றாலும் அப்படியே. மூன்றாமவர் சேர்ந்ததும் எப்படிப் போட்டாலும் சரியாகத் தெரிகிறது. காது எண்ணுவதை விட்டு ‘கூட்டம்’ என்று எடுத்துக்கொள்கிறது. இரண்டரைதான் எல்லை என்று அவர் சொல்வார். ஆய்வகத்தில் கண்டெடுத்த விதி இல்லை இது. ஒலிக்கலவை மேசை முன் உட்கார்ந்து ஆயிரம் மணிநேரம் கேட்டவரின் விதி. எனக்கு ஃப்ளெட்சரின் வரைபடங்கள் அளவுக்கு இதிலும் நம்பிக்கை உண்டு.

லயத்தைக் காலி செய்துவிடுகிறவர்களும் இருக்கிறார்கள். ஹிட்ச்காக்கின் ‘தி பேர்ட்ஸ்’ படத்தில் வழக்கமான பின்னணி இசை கிடையாது. ஆஸ்கர் சாலா என்பவர் மின்கருவி ஒன்றில் உண்டாக்கிய பறவைக் கூச்சல்தான் அந்த இடத்தை நிரப்பியது. இசையமைப்பாளர் பெர்னார்ட் ஹெர்மன் ஒலி ஆலோசகராக மட்டும் இருந்தார். பி. எஸ். வினோத்ராஜின் ‘கொட்டுக்காளி’ பின்னணி இசையே இல்லாமல் 2024-ல் வந்தது. ஆட்டோவின் உறுமல், சேவல், காற்று. இசை காலி செய்த வீடுகளில் இவை குடியேறியதும், பேசாமலே இருக்கிற கதாநாயகியின் மௌனம் அவற்றுக்கு நடுவே தனியாகக் கேட்கிறது.

பாட்டிக்கு இதில் கால்வாசி சொல்லியிருப்பேன். லயத்து வீடுகள் வரைக்கும் தலையாட்டிக்கொண்டு கேட்டார். விசில் சோதனையைச் சொன்னபோது கையைத் தூக்கி நிறுத்தினார்.

“அப்ப மழையில மனுசன் கத்தக் கூடாது. எல்லா வீட்டுக்கும் கொஞ்சம் கொஞ்சம் போயி ஒண்ணும் தங்காது. ஒரே வீட்டுக்கு மொத்தமா அனுப்பணும்.”

“ஆமா பாட்டி.”

“அதுக்குத்தான்டா தோட்டத்துல ஆளு கணக்கெடுக்குற பெரட்டுக்குத் தண்டவாளத் துண்டைத் தொங்கவிட்டுத் தட்டுனானுங்க. விடியக்கால மழையில வேலைய மேற்பார்க்குற மண்டோர் கத்துனா எவளுக்குக் கேக்கும்? டங்குன்னு ஒண்ணு வச்சா அத்தனை லயத்துக்கும் கேக்கும்.”

மறுநாள் சாயங்காலம் மறுபடியும் மழை. கூரை பேச ஆரம்பித்து ஐந்து நிமிடம் ஆகியிருக்காது. சமையலறையில் பாட்டி கரண்டியால் எவர்சில்வர் தட்டைத் தட்டினார். முன்கூடத்திலிருந்த எனக்குத் தெளிவாகக் கேட்டது. தேத்தண்ணி தயார்.